மூன்று பிடி மண்

அன்புள்ள உம்மாவுக்கு லண்டனிலிருந்து முனீபின் ஸலாம். முழங்கால் வலி குறைந்ததா?

இருபது வருசமாக நாடகத்திலும் படத்திலும் டொக்டர், கடைக்காரர் என்று எனக்குச் சின்ன வேஷம்தானே. போன கிழமை பெரிய வேஷம் கிடைத்தது: வாப்பாவை அடக்கம் செய்யும் மகன். கப்றுக் குழியில் மூன்று பிடி மண் போடும் காட்சியை ஏழு தரம் எடுத்தார்கள். அழுகை நன்றாக வந்ததாம், கைதட்டினார்கள்.

எங்கள் வாப்பா மௌத்தான அன்று நான் இங்கே மேடையில் டொக்டராக நின்றேன். நாடகம் முடிந்து போனில் பேசியபோது, "அஸர் தொழுகைக்கு முந்தி அடக்கிட்டம் மகன், கனநேரம் வெச்சிருக்க ஏலாது" என்றீர்கள். அவருக்கு நான் ஒரு பிடிகூடப் போடவில்லை.

கருவாடு கொஞ்சம் அனுப்புங்கள். தம்பி நஸ்ரி குறிஞ்சாக்கேணி மையவாடிக்குப் போனால் வாப்பாவின் கப்றை ஒரு போட்டோ எடுக்கட்டும்.

ஷூட்டிங்குக்குக் கூப்பிடுகிறார்கள், போகிறேன். என் படமெல்லாம் தேடிப் பார்ப்பீர்கள். இதை மட்டும் பார்க்காதீர்கள், உம்மா.