பிரித்தெடுத்த நாட்கள்

அன்புள்ள உனக்கு,

நான் நலம். உன் முதுகுவலி தேவலையா?

இங்கே சடங்குத் துணியை நாளுக்கு ஒரு விரற்கடைதான் நெய்யலாம். கழிந்த காலம் கண்ணுக்குத் தெரிய வேண்டுமாம். தறியிலிருந்து தொங்கும் துணி தரையைத் தொடும் நாளில் நெய்தவனை ஊருக்கு அனுப்புவார்கள். அவசரத்தில் நான் தினமும் கொஞ்சம் கூட்டி நெய்துவிட்டேன். மேஸ்திரி பார்த்துவிட்டார்.

"ஏம்ப்பா, இன்னும் விடியாத நாளெல்லாம் உன் துணியில எப்படி வந்துச்சு?"

எல்லோரும் சிரித்தார்கள், நானும்தான். பிறகு முழுவதையும் பிரிக்கச் சொன்னார். மறுபடி முதல் இழையிலிருந்து நெய்கிறேன். நம் பாப்பாவைப் பள்ளிக்கூடத்தில் சேர்க்க நான் வருவேன் என்று இனி அவளிடம் சொல்லாதே.

அவள் உயரத்துக்கு ஒரு நூல் வெட்டி அனுப்பு. தறிக்குப் பக்கத்தில் கட்டிக்கொள்கிறேன். மணி அடித்துவிட்டார்கள், போக வேண்டும். அந்த நூலுக்குமேல் அவள் வளர்ந்தால் எனக்கு எழுதாதே.