மூன்று கோடு குறைகிறது

விசாகப்பட்டினம்
11.01.2025

அன்புள்ள செல்வி,

பெட்டி வந்து சேர்ந்தது. முப்பது பாட்டிலில் ஒன்றுகூட உடையவில்லை. நீ ஒட்டிய சீட்டுகளைப் பார்த்து, "யார் இது, டீச்சரா?" என்று லேபில் கேட்டார்கள். "பழவேற்காடு ஸ்கூலில் என் பெஞ்சு. இப்போது ஏரியில் கையால் இறால் தடவிப் பிடிக்கிறாள்" என்றேன். யாரும் நம்பவில்லை.

தினமும் முகத்துவாரத்தில் ஒரு சொட்டுத் தண்ணீரை உப்பளக்கும் கண்ணாடியில் வைத்துப் பார்த்து என்ன ஆகப்போகிறது என்று கேட்டிருந்தாய். சொல்கிறேன். உப்பு கூடிய நீர் கனம், கீழே இறங்கும். உப்பு குறைந்தது லேசு, மேலே மிதக்கும். கடலைக் காற்று மட்டும் ஓட்டுவதில்லை, இந்தக் கன வித்தியாசமும் ஓட்டுகிறது. மழைக்காலத்தில் ஆறுகள் கொட்டிய லேசான நீர் நம் கரையை ஒட்டித் தெற்கே ஓடும். தை, மாசியில் ஓட்டம் வடக்கே திரும்பிவிடும். திரும்பும்போது ஏரிக்குள் எந்த நீர் நுழைகிறது என்று இதுவரை யாரும் நாள் தவறாமல் அளந்ததில்லை. நீதான் முதல் ஆள்.

ஒன்று மட்டும் மறக்காதே. அளப்பதற்கு முன் உப்பே இல்லாத தண்ணீரை வைத்து, கண்ணாடிக்குள் தெரியும் நீலக்கோட்டைச் சைபரில் நிறுத்திக்கொள். பேட்டரிக்கு ஊற்றும் தண்ணீர் இரண்டு பாட்டில் கொடுத்திருக்கிறேன்.

நாலாம் மாசம். வெயிலில் அலையாதே. ஆல்வின் அண்ணனைக் கேட்டதாகச் சொல்.

உன்
சத்யா

காலனி, பழவேற்காடு வழி
02.02.2025

அன்புள்ள சத்யா,

நலம். நீ நலமா? கனம் கீழே, லேசு மேலே என்று நீ எழுதியதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். "இத கண்டுபுடிக்க கப்பலு வேணுமா? முட்டிக்கு கீழ ஒரு தண்ணி, மேல ஒரு தண்ணினு என் காலுக்கே தெரியுமே. அந்தப் பொண்ண வந்து ஒருநா இறால் தடவச் சொல்லு" என்றது. கோபித்துக்கொள்ளாதே. என் அம்மா மார்கரெட்டின் வாய் உனக்குத் தெரியும்.

உங்கள் ஊர் ஆட்களிடம் சொல்லி வை. முகத்துவாரத்தில் வலை போட அவர்களுக்குப் பாடு முறை வரும் நாளில் என்னைப் படகில் ஏற்ற மாட்டேன் என்கிறார்கள். "பாடு நாள்ல காலனி பொம்பள ஏறுனா வலையில இன்னா வுழும்?" என்கிறான் ரங்கன். நான் மணல் திட்டில் ஒன்றரை மைல் நடந்து போகிறேன். எங்களுக்கு எந்த நாளும் பாடு கிடையாது என்பதால் எல்லா நாளும் எனக்கு ஒன்றுதான்.

இன்னொன்று. இந்த மாதம் செக்கப்பில் பிரஷர் ஏறியிருக்கிறது என்றார்கள். "உப்பைக் குறை" என்று நர்ஸ் திட்டினாள். கருவாட்டை நிறுத்தினேன். ஊறுகாயை நிறுத்தினேன். குழம்பில் உப்பே போடுவதில்லை, ஆல்வின் முகத்தைச் சுளித்துக்கொண்டு சாப்பிடுகிறார். கால் மட்டும் வீங்கிக்கொண்டே போகிறது.

உன்
செல்வி

விசாகப்பட்டினம்
03.03.2025

அன்புள்ள செல்வி,

இதை எழுதக் கஷ்டமாக இருக்கிறது.

உன் பாட்டில்களை இங்கே பெரிய மெஷினில் மறுபடியும் அளக்கிறோம். பொங்கல் வரை நீ எழுதிய எண்ணும் எங்கள் எண்ணும் ஒத்துப்போயின. அதற்குப் பிறகு எல்லா நாளும் உன்னுடையது மூன்று கோடு குறைகிறது. எங்களுக்கு 34 என்றால் உனக்கு 31. எங்களுக்கு 29 என்றால் உனக்கு 26. "வீட்டில் உட்கார்ந்து எண்ணை நிரப்புகிறார்கள், உள்ளூர் ஆட்களை வைத்தால் இப்படித்தான்" என்கிறார் மேலே இருப்பவர். நான் உனக்காகப் பேசினேன். இருந்தாலும் கேட்கிறேன். உடம்பு முடியாமல் சில நாள் போகாமல் இருந்திருந்தால் சொல்லிவிடு. நான் சமாளித்துக்கொள்கிறேன்.

சத்யா

காலனி
09.03.2025

சத்யா,

எனக்காகப் பேசினாயாம். பேசிவிட்டு அதே கேள்வியை என்னிடம் கேட்கிறாய்.

வயிற்றைத் தூக்கிக்கொண்டு ஒரு நாள் விடாமல் போனேன். நேற்றுகூட. கேட்டுக்கொள். விடிந்ததும் மணல் திட்டு. கண்ணாடியைத் துடைப்பேன். சைபர் வைப்பேன். முகத்துவாரத்துத் தண்ணீர் ஒரு சொட்டு. மூடியை மூடி வெளிச்சத்தில் பார்ப்பேன். மூன்று தடவை பார்த்துத்தான் எழுதுவேன். அதே தண்ணீரைத்தான் பாட்டிலில் பிடிப்பேன். வீட்டில் உட்கார்ந்து எண் எழுதுகிறவள் பாட்டிலில் மட்டும் எதற்குத் தண்ணீர் பிடிக்க வேண்டும்? உன் மேலே இருப்பவருக்கு இது தோன்றவில்லையா?

நீ கொடுத்த பேட்டரி தண்ணீர் பொங்கலோடு தீர்ந்துவிட்டது. அதற்காக நான் ஒன்றும் கண்ட தண்ணீரை வைக்கவில்லை. எங்கள் தெருக்குழாயில் குடிக்கப் பிடிக்கும் தண்ணீரைத் துணியில் வடிகட்டி, தனிக் குப்பியில் எடுத்துப் போகிறேன். சைபர் சரியாகத்தான் நிற்கிறது.

வேறு ஆள் பார்ப்பதென்றால் பார்த்துக்கொள்.

செல்வி

விசாகப்பட்டினம்
13.03.2025

செல்வி,

இதைப் படித்து முடித்ததும் முதல் வேலையாக உங்கள் வீட்டில் இருக்கும் குடிதண்ணீரைக் கொட்டு.

நீ தப்பு செய்யவில்லை. நீ சைபர் என்று வைத்த தண்ணீரில் உப்பு இருக்கிறது. அதனால்தான் எல்லா நாளும் ஒரே அளவு குறைகிறது. மூன்று கோடு என்றால் லிட்டருக்கு மூன்று கிராம். குடிக்கிற தண்ணீரில் அரை கிராமே அதிகம். நான் நாலு தடவை கணக்குப் போட்டேன். தப்பாக இருக்க வேண்டும் என்றுதான் போட்டேன்.

நீ ஒரு நாளைக்கு மூன்று லிட்டர் குடிப்பாய். ஒன்பது கிராம் உப்பு. சோறு, கஞ்சி, குழம்பு எல்லாம் அதே தண்ணீரில். மொத்தமே ஐந்து கிராமுக்கு மேல் கூடாது என்பார்கள். நீ குழம்பில் உப்பை நிறுத்தி என்ன பிரயோஜனம்? நர்ஸ் உன்னைத் திட்டியிருக்கிறாள், நானும் உன்னைச் சந்தேகப்பட்டேன்.

உனக்குக் கரிக்கவே இல்லையா? நாள் பூராவும் ஏரித் தண்ணீரில் நிற்கிற நாக்குக்கு அது தெரியாமல் போயிருக்கும்.

இரண்டு பாட்டில் நல்ல தண்ணீர் அனுப்பியிருக்கிறேன். அதில் சைபர் வைத்து உங்கள் குழாயை அள. அப்படியே எங்கள் தெருக்குழாயையும் அள. இரண்டிலும் ஒரு பாட்டில் பிடித்து அனுப்பு. உடனே டாக்டரைப் பார். கேன் தண்ணீர் வாங்கு. கெஞ்சிக் கேட்கிறேன்.

உன்
சத்யா

காலனி
23.03.2025

சத்யா,

உன் கடிதம் வந்தபோது கையில் செம்பு இருந்தது. பாதி குடித்திருந்தேன். மீதியை என்ன செய்வது என்று தெரியாமல் நின்றுகொண்டே இருந்தேன். காலனியில் வயிற்றுப்பிள்ளையோடு இன்னும் மூன்று பேர் இருக்கிறார்கள். போன வருஷம் வளர்மதிக்கு ஏழாம் மாசத்தில் வலிப்பு வந்து பிள்ளை செத்துப் பிறந்தது. அவள் நேரம் என்றோம்.

எங்கள் குழாய் மூன்று. மேலத்தெருவில் வளர்மதி வீட்டுக் குழாய் நாலு.

அப்புறம் உங்கள் தெருவுக்குப் போனேன். உன் அம்மா தனக்கோடி குழாயடியில் இருந்தார்கள். "இன்னா செல்வி, கொழாயில மீனு கீதானு பாக்குறியா?" என்று சிரித்தார்கள். நான் குழாயைத் தொடவில்லை, அவர்களே ஊற்றினார்கள். ஒரு சொட்டு வைத்தேன். சைபர். துடைத்துவிட்டு இன்னொன்று வைத்தேன். சைபர். ஒரே ஊர், நடுவில் ஒரு கால்வாய்.

உன் நைனா சம்பந்தம் வெளியே வந்தார். சொன்னேன். அவர் ஆச்சரியப்படவே இல்லை. அதுதான் எனக்கு அதிர்ச்சி.

"ஏரிக் கழிக்கர போர்த்தண்ணினா கொஞ்சம் கரிக்கத்தான் செய்யும். இத்தினி வருசம் குடிக்கல? ஒங்காளுங்களுக்கு பழக்கம்தானே?"

"ஒங்க தெருவுக்கு புது பைப்பு லைன் வந்தப்போ எங்களுக்கு ஏன் உடல நைனா?" என்று கேட்டேன். சின்ன வயதிலிருந்து நானும் அவரை நைனா என்றுதான் கூப்பிடுகிறேன்.

"மனுவுல எத்தினி வூடு போட்டமோ அத்தினி வூட்டுக்குத்தான் பைப்பு வந்துச்சு. மனு எழுதுனதே ஒன் ப்ரெண்டுதான். போய் அவள கேளு. சும்மா பேஜாரு பண்ணாத."

உன் அம்மா என்னைப் பார்க்காமல் குடத்தைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டார்கள்.

கேட்கிறேன் சத்யா. நீ எழுதினாயா?

இரண்டு குழாய்த் தண்ணீரும் இதோடு இருக்கிறது.

செல்வி

விசாகப்பட்டினம்
14.04.2025

செல்வி,

மூன்று வாரமாக எழுதி எழுதிக் கிழித்தேன்.

ஆமாம். நான்தான் எழுதினேன். இரண்டு வருஷத்துக்கு முன் லீவில் வந்திருந்தபோது நைனா லேப்டாப்பைத் திறக்கச் சொன்னார். 212 வீடு என்றார். தட்டிக்கொண்டே, "காலனி அறுபத்துநாலு வீடு சேரலியே நைனா" என்றேன். "எல்லாத்தையும் சேர்த்தா தண்ணி பத்தாது. முதல்ல நமக்கு வரட்டும், அவங்களுக்கு அப்பால தனியா போட்டுக்கலாம்" என்றார். நான் சரி என்றேன். அவ்வளவுதான் நடந்தது. யாரும் என்னை மிரட்டவில்லை. அன்று சாயங்காலம் உன் வீட்டுக்கு வந்து டீ குடித்தேன். அந்தத் தண்ணீரில் போட்ட டீ. எனக்குக் கரித்தது. சர்க்கரை கூடப் போடச் சொல்லிக் குடித்தேன்.

பிறகு நான் கடலின் உப்பை அளக்கப் போய்விட்டேன்.

இரண்டு குழாய் நீரையும் அளந்து கையெழுத்துப் போட்ட அறிக்கை இதோடு இருக்கிறது. அந்த மனுவின் நகலும் இருக்கிறது. என் பெயர் கீழே தெரியும், மறைக்க வேண்டாம். கலெக்டரிடம் கொடு. நைனாவிடம் போனில் சொல்லிவிட்டேன். "இனிமே இந்த வாசப்படிய மிதிக்காத" என்றார்.

நீ போனை எடுக்கவில்லை. பொன்னேரி ஆஸ்பத்திரியில் சேர்த்திருப்பதாக ஆல்வின் அண்ணன் சொன்னார். உடனே போனை வைத்துவிட்டார். செல்வி, உனக்கு எப்படி இருக்கிறது? பிள்ளை எப்படி இருக்கிறது? திட்டி எழுது. ஏதாவது எழுது.

சத்யா

காலனி, பழவேற்காடு வழி
06.05.2025

பெறுநர்
செல்வி ச. சத்யா அவர்கள்

மதிப்பிற்குரிய மேடம்,

நீங்கள் அனுப்பிய அறிக்கையும் மனு நகலும் கிடைத்தன. திங்கட்கிழமை குறைதீர் நாளில் அறுபத்துநாலு வீட்டுக்காரர்களும் கையெழுத்திட்டுக் கொடுத்தோம். அறிக்கையில் கையெழுத்து இருக்கிறது, அலுவலக முத்திரை இல்லை என்று திருப்பிவிட்டார்கள். முத்திரையுடன் ஒரு பிரதியை இம்மாதம் இருபதாம் தேதிக்குள் அனுப்பி வைக்குமாறு கேட்டுக்கொள்கிறேன்.

பொங்கலிலிருந்து நீங்கள் அனுப்பிய நல்ல தண்ணீர் வந்த நாள் வரையுள்ள எல்லா அளவுகளிலும் மூன்றைக் கூட்டிப் புதிய பட்டியல் தயாரித்து இணைத்துள்ளேன். ஏப்ரல் 8 முதல் 27 வரை நான் மருத்துவமனையில் இருந்ததால் அந்த இருபது நாட்களுக்கு அளவு இல்லை. அந்த இடத்தைக் காலியாகவே விட்டிருக்கிறேன். எண் எதையும் நிரப்பவில்லை.

28-ஆம் தேதியிலிருந்து என் அம்மா மார்கரெட் அளக்கிறார். முறையாகக் கற்றுக்கொடுத்திருக்கிறேன். முகத்துவாரத்தில் நேற்றைய அளவு 36.

என் குழந்தையைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். ஒன்றரைக் கிலோ. உயிரோடு இருக்கிறாள். அதற்கு மேல் என் வீட்டு விஷயம்.

இப்படிக்கு,
ஆ. ஜெபசெல்வி
நீர் மாதிரி சேகரிப்பவர்