சான்றிதழுக்குப் பின்னால் இருந்த சுவர்

மட்டாஞ்சேரி
ஞாயிறு காலை

சங்கரியின் அம்மாவுக்கு,

எழுத்து கோணல் கோணலாக இருக்கிறது, பொறுத்துக்கொள். இரண்டு நாளாக உட்கார்ந்து எழுதுகிறேன். நானே எழுதி நீ படிக்கப்போகிறாய் என்று நினைத்தால், இந்த வெட்கத்திலும் சிரிப்பு வருகிறது.

"மழை விடட்டும், சுவர் காயட்டும்" என்று நீ சொன்னாய். நாற்பது வருடம் சினிமா போஸ்டர் ஒட்டியவனுக்கே சொல்லித் தருகிறாயா என்று கேட்டேன். சங்கரியின் மாமியார் வீட்டார் நம் வீட்டுக்கு வந்த அன்று காலை, உரிந்த வால்பேப்பரை ஈரச் சுவரிலேயே மைதாப் பசை தடவி ஒட்டினேன். நீ கோயிலிலிருந்து திரும்புவதற்குள் அது மறுபடி தொங்கியது. அதை மறைக்கத்தான், இந்த வயதில் படித்து வாங்கிய என் எழுத்தறிவுச் சான்றிதழை அங்கே மாட்டினேன். பெருமைக்கு மாட்டியதாக நினைத்து நீ சந்தோஷப்பட்டாய்.

சங்கரியின் மாமியார், "கொள்ளாமே சம்பந்தி, நல்லா இருக்கே! கையில பிடிங்க, ஒரு போட்டோ எடுக்கட்டே" என்று அதைத் தானே கழற்றினார். சட்டத்தோடு வால்பேப்பரும் உரிந்து வந்தது. உள்ளே கரப்பான் பூச்சிகள்.

"இவ ஒட்டினது" என்றேன். அதை எழுதவே கை கூசுகிறது. நீ எல்லோருக்கும் சாயா கொடுத்தாய். மறுநாள் இடப்பள்ளிக்கு, உன் தங்கை வீட்டுக்குப் போய்விட்டாய்.

நேற்று சங்கரியின் மாமியாருக்கு ஃபோன் செய்து, ஒட்டியது நான்தான் என்று சொன்னேன்.

"அது அன்னைக்கே தெரியும் சம்பந்தி. பசை உங்க சட்டையிலல்லவா இருந்தது!"

பேப்பர் முழுவதையும் சுரண்டிவிட்டேன். சுவர் காய்கிறது. சான்றிதழை எங்கே மாட்டுவது என்று நீ வந்து சொல். வராவிட்டால் அடுத்த ஞாயிறும் எழுதுவேன், இதைவிட நேரான எழுத்தில்.

உன் வீட்டுக்காரன்