சீனாக்காரிக்கு ஒரு இனிஷியல்

நவம்பர் 18, செவ்வாய். காலை 6.40. மழை.

எண்ணி முடித்தாயிற்று. 212 பக்கத்தில் என்னுடையது அல்லாத வாக்கியங்கள் பதினொன்று. மீதி முழுக்க நான் எழுதியது. உள் அட்டையில்: ‘எழுதியவர் – ஜெ. செல்வின்’.

மறுபடி எண்ணினேன். பதினொன்றுதான்.

புரூஃபை நேற்று மாலை கொண்டுவந்து தந்ததும் அந்தச் செல்வினேதான். பாலிடெக்னிக்கில் மூன்று வருடம் ஒரே பெஞ்ச். இப்போது கோட்டாறில் அச்சகம், கூடவே பதிப்பகம். ‘சும்மா படிச்சுப் பாக்கேன்’ என்று போன வருடம் என் ஃபைலை வாங்கிப் போனவன்.

“ஒரு நோட்டம் பாத்துக் குடு மக்கா. சீன எழுத்து தலைகீழா கெடந்தாக்கூட எனக்குத் தெரியாது.”

“எம் பேரு எங்கல?”

“ஏழாம் பக்கம் நன்றியில போட்டிருக்கேன், பாக்கலியா? ஒனக்கு ஃபேக்டரி வேலை இருக்கு. எனக்கு இதுதானடே பொழப்பு.”

ஏழாம் பக்கம் பார்த்தேன். அச்சகத்துக்கு டீ கொண்டுவரும் தாசையன் அண்ணாச்சிக்கு அடுத்த வரி நான்.

இந்தப் புத்தகத்துக்காக நான் செய்தவை, மறக்காமல் இருக்க:
– சீனக் கம்பெனி பவர் பிளான்ட் சைட்டில் மூன்று வருடம். பிரஷர் கேஜ் மாட்டிக்கொண்டே கற்ற மொழி.
– சீன எழுத்தாளர் பெய் ருவோலானின் காதல் நாவல்கள் பதினான்கும். இரண்டு முறை.
– அவள் திரைக்கதை எழுதிய தொடர்கள் நான்கு. வீட்டில் உமாக்காவோடு உட்கார்ந்து. அக்காவுக்குத் தமிழ் டப்பிங், எனக்கு ஒரிஜினல்.
– அவள் அலுவலகத்துக்கு ஆறு மெயில். வாழ்க்கை வரலாறு எழுத அனுமதி வந்தது என் பெயருக்கு.

செல்வின் செய்தது: ஃபைலை வாங்கியது.

குடை ஃபேக்டரியில் கிடக்கிறது. நனைந்துதான் போக வேண்டும்.


நவம்பர் 19, புதன்.

மூன்றாவது நாளாகப் பால்வெட்டு இல்லை. ரப்பர் பால் வராததால் மெஷின் நிறுத்தம். கீரிப்பாறை பஸ்ஸும் காலி. கன்ட்ரோல் ரூமில் உட்கார்ந்து அட்டையை முதல்முறை ஒழுங்காகப் பார்த்தேன்.

பெரிய எழுத்தில் ‘பெ. ருவோலான்’.

சிரித்துவிட்டேன். சீனர்கள் குடும்பப் பெயரை முன்னால் வைப்பார்கள். நம் ஊரில் முன்னால் வருவது அப்பன் பெயர், அதை ஒற்றை எழுத்தாக வெட்ட வேண்டும். ரேஷன் கார்டுக்குச் செய்வதை அவளுக்கும் செய்திருக்கிறான். போதாததற்கு, நேற்று எண்ணியதோடு விட்ட அந்தப் பதினொன்றில் ஒரு வாக்கியம், பக்கம் 3: ‘தந்தை பெய்யின் பெயரைத் தன் முன்னெழுத்தாகப் பெருமையோடு தாங்கியவர்.’

பெய் அவள் அம்மாவின் குடும்பப் பெயர். அவளுக்கு நான்கு வயதில் அப்பன் வேறு ஊரில் வேறு வீடு பார்த்துக்கொண்டு போனான். துணி மில்லில் வேலை பார்த்த அம்மா, பள்ளிக்கூடத்தில் சேர்க்கும் முன் பிள்ளையின் பெயரிலிருந்து அவன் பெயரை எடுத்துவிட்டாள். அனுமதி மெயிலில் இருந்ததே ஒரே நிபந்தனை: அந்த ஆள் எந்த வடிவத்திலும் புத்தகத்துக்குள் வரக்கூடாது. சம்மதம் என்று பதில் எழுதினேன். அதனால்தான் அப்பனைப் பற்றி என் ஃபைலில் ஒரு வரி கிடையாது.

செல்வினுக்கு போன் போட்டேன்.

“மூணாம் பக்கத்துல அந்த அப்பன் வரி நீ எழுதினதா?”

“பின்னே? நீ ஒரு வரிகூட எழுதலியே. வாசிக்கவன் கேப்பாம்லா? அப்பன் பேரு தெரியாத பொம்பளன்னு வந்துரப்பிடாது, கேட்டியா. மானப் பிரச்சினை.”

சொல்லியிருக்கலாம். அரை நிமிட வேலை. சொல்லவில்லை.

12.20க்கு மெசேஜ்: ‘எல்லாம் சரியா இருக்கு. அச்சுக்குப் போகலாம்.’ கட்டைவிரல் படமும் போட்டேன்.

30ஆம் தேதி வெளியீடு. அவளுடைய வாழ்த்து வீடியோவைத் திரையில் போடுவார்கள். அதைத் தமிழில் சொல்ல இந்த மாவட்டத்தில் என்னை விட்டால் ஆள் இல்லை. மைக் என் கையில். கூட்டத்தின் கையில் அவன் அட்டை. அந்த ‘பெ.’ யாருடையது என்று அங்கே சொல்வேன். போதும்.

மத்தியானம் மீன்கறி. வெகுநாளைக்குப் பிறகு ருசியாக இருந்தது.


நவம்பர் 21, வெள்ளி.

வெயில். தரை காயவில்லை.

பழி வாங்குவது எப்படி என்று ருவோலானிடம்தான் படிக்க வேண்டும். கெமிக்கல் லேபில் ஷிஃப்ட் பார்த்துக்கொண்டே போனில் அத்தியாயம் அத்தியாயமாக எழுதியவள். முதல் நாவல் தொடரானபோது திரைக்கதையை வேறு ஒருவன் எழுதினான். நாவலில் நாயகி அப்பனை மன்னிக்கவே இல்லை. தொடரில் கல்யாண மண்டபத்தில் காலில் விழுந்து மன்னித்தாள். ஊரே அழுதது. இவள் பார்க்கவில்லை. சண்டைக்கும் போகவில்லை. திரைக்கதை படிக்கப் போனாள். ஆறு வருடம் கழித்து அடுத்த தொடரைத் தானே எழுதினாள், முடிவை யாரும் மாற்றக்கூடாது என்று கையெழுத்து வாங்கிக்கொண்டு. அதிலும் கல்யாணம். அப்பன் வந்து வரிசையில் நிற்கிறான். மணப்பெண், ‘யாரைத் தேடுகிறீர்கள்?’ என்று கேட்டுவிட்டு, காவலாளியைக் கூப்பிட்டு வாசலைக் காட்டச் சொல்கிறாள். அவ்வளவுதான் காட்சி.

உமாக்கா அதை ஏழு தடவை பார்த்தாள். “கை தட்டணும் போல இருந்துச்சுல.”

ஆறு வருடம் காத்திருக்க அவளால் முடிந்தது. எனக்கு ஒன்பது நாள் கூட நீளமாகத் தெரிகிறது.

மாலை செல்வின் போன்.

“வெளியீட்டுக்கு வெள்ளச் சட்டை போட்டுட்டு வா. மேடைக்குக் கீழ நின்னு சொல்லு மக்கா, மேல நாற்காலி கொறவு.”

“சரி.”

“கோவமா?”

“இல்லியே.”

“அட்டை ஐந்நூறும் அடிச்சாச்சு. சூப்பரா வந்திருக்கு. திங்கக்கிழமை பைண்டிங்.”


நவம்பர் 22, சனி. பகல்.

வீடியோ வந்துவிட்டது. 47 விநாடி. என் மெயிலுக்கு.

அடுக்களையில் உமாக்கா தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். அவளுக்கும் போட்டுக் காட்டினேன். ருவோலான் சாதாரண சட்டை, கண்ணாடி. பின்னால் ஒரு ஜன்னல்.

“என்னல சொல்லுகா? ஒம் பேரு கேட்ட மாதிரி இருக்கு?”

சொன்னேன். 30ஆம் தேதி மைக்கில் சொல்லப்போகும் அதே வார்த்தைகளில்: ‘இந்தப் புத்தகத்தை எழுதிய தாணுவுக்கு நன்றி. எனக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது. தாணு எனக்கு ஒரு வாக்குத் தந்திருக்கிறார். அவர் எனக்காக வாசித்துவிட்டார், அது போதும். என் அம்மாவும் இதைக் கையில் வாங்கக் காத்திருக்கிறார்.’

அக்கா கையைத் துடைத்துக்கொண்டு தன் போனை எடுத்தாள். செல்வினின் ஸ்டேட்டஸில் அட்டைப் படம்.

“இதுல பெ.ன்னு போட்டிருக்கானே, அதென்ன?”

விளக்கினேன். மூன்றாம் பக்கத்தையும்.

“ஒனக்கு எப்பம் தெரியும்?”

“புதன்கிழமை.”

“தெரிஞ்சும் சரின்னு சொன்னியா?”

“அவன் மாட்டட்டும்னுதான்…”

“அவனா மாட்டுகான்? அவ அம்மா கையில அந்த ஆளக் கொண்டு குடுக்கது நீல்லா. அந்தத் தொடர்ல காலுல விழ வச்சான் பாரு ஒருத்தன், அவனும் நீயும் ஒண்ணு. போ, அங்கிட்டு.”

தேங்காயைத் திரும்பத் துருவ ஆரம்பித்தாள். சாப்பாடு போட்டாள், தட்டை மேஜையில் சத்தமாக வைத்தாள்.

சரிபார்க்க மூன்று முறை கணக்குப் போட்டேன். அவள் சொல்வது சரி. வாக்குக் கொடுத்தவன் நான். வாசித்தவன் நான். ‘சரியா இருக்கு’ என்றவனும் நான். செல்வினுக்கு அது தெரியாமல் செய்த தப்பு. எனக்கு அந்தச் சாக்கும் இல்லை.

செல்வின் மேல் இருக்கும் கோபம் ஒரு துளி குறையவில்லை. அதையும் சரிபார்த்தேன்.


நவம்பர் 23, ஞாயிறு. காலை 7.15.

தூறல். பைண்டிங் நாளைக்கு. இன்று ஒரு நாள்தான்.

1. ஒன்பது மணிக்கு அச்சகம். சர்ச்சில் பூசை முடிந்து நேரே அங்கேதான் வருவான்.

2. வீடியோவைப் போடுவது. அர்த்தம் சொல்லாமல். சீனம் தெரியாவிட்டாலும் என் பெயர் அவன் காதில் விழும். இரண்டு தடவை சொல்கிறாள்.

3. முகத்தை நன்றாகப் பார்த்துக்கொள்வது. பிறகு அனுமதி மெயிலைக் காட்டுவது.

4. ஐந்நூறு அட்டையையும் கிழிப்பது. பாதி அவன், பாதி நான். என் பங்கு எனக்கு உண்டு.

5. மூன்றாம் பக்கத்து வரியை எடுத்து, அந்தத் தாளைத் திரும்ப அடிப்பது. புது அட்டை: ‘பெய் ருவோலான்’, முழுதாக. ‘எழுதியவர் – தாணு’.

6. மாட்டேன் என்றால், நடந்தது எல்லாவற்றையும், என் புதன்கிழமையையும் சேர்த்து, அவளுக்கு மெயிலாக எழுதி வைத்திருக்கிறேன். அங்கேயே நின்று அனுப்புவது.

7. ஒத்துக்கொண்டாலும் மன்னிப்பு கிடையாது. ஏழாம் பக்கம் நன்றியில் ஜெ. செல்வின். தாசையன் அண்ணாச்சிக்கு அடுத்த வரி.