இணைச்சீர்ச் சேலை

காங்கேயம்,
திங்கட்கிழமை.

சௌபாக்கியவதி கவிதாமணிக்கு அப்பா எழுதுவது.

உன் தம்பி தீபக் கல்யாணத்தில் நீ அவன் பக்கத்தில் உட்கார்ந்து இணைச்சீர் செய்ய வேண்டாம் என்று பெண் வீட்டார் முடிவாகச் சொல்லிவிட்டார்கள். நேற்றுத் துடியலூருக்கு நேரில் போய்வந்த சுப்பண்ணன் மாமா கொண்டுவந்த செய்தி. நம்பாமல் இன்று காலை சம்பந்தியம்மா ராமாமணிக்கு நானே போன் செய்து கேட்டேன். உண்மைதான். உனக்குப் பதிலாகச் சித்தப்பா மகள் லோகப்பிரியாவை உட்காரவைக்கச் சொல்கிறார்கள்.

போனில் சொன்னால் நீ அழுவாய். அதனால் எழுதிக் கூரியரில் அனுப்புகிறேன்.

காரணம் உன் தொடர்தான். அதில் உன் புருஷனாக வருகிறவரின் கார் வால்பாறை மலைப்பாதையில் உருண்டு, நீ தாலியைக் கழற்றும் காட்சி போன மாதம் வந்ததல்லவா, அது.

பதினாறு வருஷமாக நடிக்கிறாய். நர்ஸ், பக்கத்து வீட்டுக்காரி, சினிமாவில் கதாநாயகிக்குப் பின்னால் தட்டு ஏந்தி நிற்பவள். "எங்கம்மணி வர்ற எடத்துல கண்ணச் சிமிட்டிப்போடாதீங்க" என்று உன் அம்மா எல்லோரிடமும் சொல்லிவைப்பாள். இந்தத் தொடரில்தான் உன் வேஷத்துக்கு ஒரு பெயர் வைத்தார்கள். இந்தச் சம்பந்தம் அமைந்ததும் அதனால்தான். பெண் பார்க்கப் போன அன்று தீபக்கை ஒருவரும் சரியாகப் பார்க்கவில்லை. உன்னோடு படம் எடுத்துக்கொள்ளத்தான் நின்றார்கள்.

அந்தக் காட்சி வருமுன், "எல்லாரையும் பார்க்கச் சொல்லுங்கப்பா, அன்னிக்கு முழு எபிசோடும் எனக்குத்தான்" என்றாய். சொன்னோம். சம்பந்தி வீட்டாருக்கும் சொன்னோம். அவர்கள் உறவுக்காரர்களைக் கூட்டிவைத்துப் பார்த்திருக்கிறார்கள். எல்லோரும் அழுதார்களாம். நன்றாகத்தான் செய்திருந்தாய்.

"ஏனுங்க சம்பந்தி, நடிப்புன்னு எங்களுக்குத் தெரியாதுங்களா? ஆனா தாலியில்லாத கழுத்த அத்தன பேரும் பார்த்துப்போட்டாங்களே. அந்தக் கழுத்து எங்க மாப்பிள்ள பக்கத்துல உக்காந்தா நல்லாவாங்க இருக்கும்?" என்றார் ராமாமணி.

"கழட்டுனது கடையில வாங்குன கயிறுங்க. நெசத் தாலி அவ கைப்பையிலதான் இருந்துச்சு. அவ நெசப் புருஷன், எங்க மாப்பிள்ளை மதன்குமார் கல்லாட்டம் இருக்காருங்க" என்றேன்.

"அவர டி.வி.யில யாருங்க பார்த்தாங்க?" என்று கேட்டார்.

தீபக்கிடம் கேட்டேன். "அக்கா நடிச்சதுக்கு நான் என்னங்கப்பா பண்ணட்டும்?" என்றான். செல்போனிலிருந்து தலையை எடுக்கவில்லை. கூடப்பிறந்தவள் மணப்பெண்ணைப்போல உடுத்திப் பக்கத்தில் உட்காராமல் நம் ஆட்களில் கல்யாணம் இல்லை என்பது அவனுக்குத் தெரியும். பங்காளி வீட்டுப் பெண் உட்கார்ந்தாலும் போதும் என்பதும் தெரியும்.

வரவேற்புக்கு மட்டும் நீ தவறாமல் வரவேண்டுமாம். பஸ் ஸ்டாண்டில் இப்போதே பேனர் கட்டிவிட்டார்கள். மணமக்களைவிடப் பெரிதாக உன் படம், பொட்டும் பூவுமாக. வருகிறவர்களோடு படம் எடுத்துக்கொண்டு, சீர் தொடங்குமுன் நீ மாடி அறைக்குப் போய்விடவேண்டும். சாப்பாடு மேலேயே வந்துவிடும் என்று ராமாமணி அக்கறையாகச் சொன்னார்.

ஒரு வழி விட்டிருக்கிறார்கள். கல்யாணத்துக்குள் தொடரில் உன் புருஷன் உயிரோடு திரும்பிவந்தால் அவர்களுக்கு மறுப்பில்லை. பிணத்தைக் காட்டவில்லை, நானும் கவனித்தேன். அந்த நடிகர் வேறு சேனலுக்குப் போய்விட்டார் என்று சொன்னாய். வேறு ஆளைப் போட்டு, விபத்தில் முகம் மாறிவிட்டது என்று வைக்கக் கூடாதா? வியாழக்கிழமைதோறும் டைரக்டர் அடுத்த வாரக் கதை பேசுவார் என்பாயே. இந்த வியாழன் கேள், கண்ணு. காலில் விழவேண்டுமென்றாலும் விழு.

சீருக்குச் சேலை எடுத்தாயிற்று, அரக்கு நிறம். ரவிக்கைக்கு வெள்ளிக்கிழமைக்குள் அளவு வேண்டும் என்கிறார் தையல்காரர். உன் அம்மா லோகப்பிரியாவின் அளவு ரவிக்கையை வாங்கிவந்து, பீரோவில் உன்னுடையதன் மேல் வைத்திருக்கிறாள். வெள்ளி காலை வரை இரண்டும் அங்கேயே இருக்கும்.

மாப்பிள்ளையை நலம் விசாரித்ததாகச் சொல்.

தீர்க்கசுமங்கலியாக இரு, அம்மணி.

உன் அப்பா,
செங்கோட்டையன்