ஒட்டுவாரொட்டி

பிப்ரவரி 17, 2002. ஞாயிறு

நைனாவுக்கு ஒரு பழக்கம். சாப்பிட்டு முடிக்கும்போது தட்டில் மிச்சமிருக்கும் சோற்றை மீன் முள் பார்த்து உருட்டி, கடைசி வாயை எனக்கு ஊட்டிவிடுவார். பிளஸ் டூ படிக்கிற பெண்ணுக்கு ஊட்டுவதைப் பார்த்து அம்மா தலையில் அடித்துக்கொள்ளும். இன்றைக்கு நான் வாயைத் திறக்கவில்லை. உருண்டையின் ஓரம் சிவப்பாக இருந்தது. மிளகாயா, ரத்தமா?

பொங்கலிலிருந்து நைனாவின் வாயெல்லாம் புண். வெற்றிலைச் சுண்ணாம்பு வேகவைத்துவிட்டது என்கிறார்கள். வெற்றிலையை நிறுத்திப் பார்த்தாயிற்று. புண் நிற்கவில்லை.

“வயிறு ரொம்பிடுச்சி நைனா” என்று பொய் சொன்னேன். உருண்டை அந்தரத்தில் கொஞ்ச நேரம் நின்றது. பிறகு அவரே போட்டுக்கொண்டு, எரிச்சல் தாங்காமல் கண்ணை மூடிக்கொண்டார்.

பிப்ரவரி 24

தேரடி மாடியில் டியூஷன். துரை சார் இன்றைக்கு செல் சந்திப்புகளை ஆரம்பித்தார். பாடப் புத்தகத்தில் இது அரைப் பக்கம்கூட இல்லை. “மெடிக்கல் என்ட்ரன்ஸ்ல எங்கிருந்து வேணா கேப்பான்” என்று சொல்லியே எங்கள் குலையை நடுங்க வைப்பது அவர் வழக்கம்.

கடெரின், இன்டெக்ரின், செலெக்டின், கனெக்ஸின். எல்லாம் ஒரே குடும்பத்துப் பிள்ளைகளுக்கு வைத்த பெயர்கள்போல இருக்கின்றன. என் பாஷையில் எழுதி வைத்துக்கொண்டால்தான் நிற்கும்:

இறுக்கச் சந்திப்பு – மீன்பிடி போட்டின் பலகை இடுக்கை அடைப்பது. தண்ணீர் ஒழுகாது.
இடைவெளிச் சந்திப்பு – நடுச்சுவரில் ஓட்டை. பக்கத்து வீட்டுக் குழம்பு இந்தப் பக்கம் வரும். புரதம் கனெக்ஸின்.
டெஸ்மோசோம் – ஜாக்கெட்டின் பிரஸ் பட்டன். செல்லையும் செல்லையும் ஆங்காங்கே கோத்து வைக்கும். தோலில் நிறைய. புரதம் கடெரின் வகை. கால்சியம் இல்லாமல் பிடிக்காது.

பின்பெஞ்சு கான்வென்ட் பெண்கள் இதைப் பார்த்தால் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். நான் தேறாவிட்டால் குப்பமே சிரிக்கும், அதுதான் பயம்.

மார்ச் 10

நைனா கஞ்சி மட்டும் குடிக்கிறார். எனக்கோ பிளஸ் டூ பரீட்சை நடக்கிறது. எதற்கு எவ்வளவு பயப்படுவது என்றே தெரியவில்லை.

மார்ச் 30

நைனாவின் மார்பிலும் முதுகிலும் கொப்புளம். நேற்று நாலு இருந்தது, இன்றைக்கு எண்ணவே முடியவில்லை. அம்மா வாசலில் வேப்பிலை செருகிவிட்டது. வீட்டில் தாளிப்பு இல்லை, விருந்தாள் இல்லை. “ஆத்தா வந்துகீறா, பேசாம இரு” என்கிறது.

எதிர் வீட்டுச் சொக்கம்மாள் தெருவில் நின்றபடியே சத்தம் போட்டாள். “பரிச்சைக்குப் படிக்கிற பொண்ண வூட்ல வெச்சிகினு கீறியே கன்னியம்மா! ஒட்டுவாரொட்டிடீ இது. எங்கனா அனுப்பிடு!”

விம்கோ நகர் பூமாரி அத்தை வீட்டுக்குப் போகச் சொன்னார்கள். உள்ளுக்குள் எனக்குச் சந்தோஷமாக இருந்தது. ஆமாம், சந்தோஷம்தான்.

ஏப்ரல் 1

கிளம்பும் முன், நைனாவின் பனியனைக் கழற்றக் கை கொடுக்கச் சொன்னது அம்மா. முதுகில் ஒட்டியிருந்தது. நான் மெதுவாகத்தான் இழுத்தேன். பனியனோடு தோலும் வந்தது.

கொப்புளம் இல்லாத இடம் அது, நல்ல தோல். என் விரல் பட்டு வழுக்கிக்கொண்டு போச்சு. நைனா கத்தவில்லை. “போ கண்ணு, பஸ்ஸு போய்டும்” என்றார். நான் ஓடினேன். செருப்பைக்கூடத் தெருவில்தான் போட்டேன்.

இங்கே வந்து எத்தனை தடவை கை கழுவியிருப்பேன். இன்னும் அந்த வழுக்கல் விரலிலேயே இருக்கு. ஐயோ, எனக்கும் வந்துடுமா?

ஏப்ரல் 9

முகத்தில் ஒரு பரு. கண்ணாடி முன்னால் அரைமணி நேரம் நின்றேன். பருதான்.

பூமாரி அத்தை போய் நைனாவைப் பார்த்துவிட்டு வந்தது. அம்மைக்கு இரண்டு தடவை தலைக்குத் தண்ணீர் ஊற்றியாகிவிட்டதாம். இறங்க வேண்டியது இறங்காமல் புதிதாகக் கிளம்பிக்கொண்டே இருக்கிறதாம். “உன்னியத்தான் கேட்டாரு. படிக்குதான்னாரு” என்றது. படிக்கிறேன் நைனா. ஒரு வரியும் ஏறவில்லை.

ஏப்ரல் 12

திருப்புதல் வகுப்பு. சார் ரயில் வேகத்தில் ஓட்டிக்கொண்டிருந்தார். “டெஸ்மோசோம் புரதத்த நம்ம எதிர்ப்புப் பொருளே தாக்குனா, செல்லுங்க பிரிஞ்சி தோல்ல கொப்புளம் வரும். பெரும்பாலும் முதல்ல வாயில புண்ணு. குறிச்சிக்கோங்க. அடுத்து…”

அடுத்து என்ன சொன்னார் என்று தெரியாது. ‘வாயில புண்ணு’ என்று எழுதிய இடத்தில் பேனா நின்றுவிட்டது.

அம்மைக்கு முன்னால் இரண்டு மாதம் வாய்ப்புண் வருமா? நல்ல தோல் வழுக்குமா? பட்டன். பட்டன்தான் அவிழ்ந்துபோகிறதா? கையைத் தூக்கி சாரைக் கேட்டிருக்கலாம். கேட்டால், ஆமாம் என்று சொல்லிவிடுவாரோ என்று பயம்.

ஏப்ரல் 13

அத்தையிடம் சொல்லிப் பார்த்தேன். “வாயக் கழுவுடி! டாக்டரு ஆவறதுக்கு முன்னியே ஆத்தாவுக்கு வைத்தியம் பாக்குறியா?” என்று கத்திவிட்டு, கன்னத்தில் போட்டுக்கொண்டது.

நான் சொல்வது தப்பு என்றால், ஆத்தா இருக்கிற உடம்பை ஆஸ்பத்திரியில் போட்ட பாவம். சரி என்றால், இத்தனை நாள் வேப்பிலையில் போட்டு வைத்திருந்தோமே, அது?

ஏப்ரல் 15

காசிமேட்டுக்குப் போனேன். ஜாபர் மாமா நைனாவின் தோஸ்து, போட்டு எஞ்சின் மெக்கானிக். கையெல்லாம் கிரீஸோடு நிமிர்ந்தார்.

“இன்னாம்மா, பரிச்ச வெச்சிகினு இங்க வந்து நிக்கிற?”

“நைனாவுக்கு அம்மை இல்ல மாமா.”

“யாரு சொன்னா?”

“யாரும் சொல்லல. எனக்குத் தோணுது. தப்பாவும் இருக்கலாம்.” சொல்லும்போதே அழுதுவிட்டேன்.

அவர் என்னையே பார்த்தார். “இத்தினி நாளா எறங்காத அம்மைய நான் பாத்ததில்ல. வா” என்று ஆட்டோ பிடித்தார்.

வீட்டு வாசலில் அம்மா வழியை மறித்துக்கொண்டு நின்றது. “ஆத்தா கீறா, உள்ள வராத ஜாபரு.”

“ஆத்தாவும் கூட வரட்டும் கன்னியம்மா. சேத்தே கூட்டிகினு போலாம்.”

அம்மா உடைந்து அழுதது. பிறகு வாசல் வேப்பிலையை உருவித் தானே கையில் பிடித்துக்கொண்டது. ஜாபர் மாமா, ஒரு வியாதியின் பெயரும் தெரியாதவர், துளியும் யோசிக்காமல் நைனாவைக் கைகளில் ஏந்தினார். சட்டையெல்லாம் நீர். நான் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தேன்.

எண்ணூர் ரோட்டில் கன்டெய்னர் லாரிகள் வரிசையாக நின்றன. ஆட்டோ நகரவில்லை. நைனா அனலாகக் கொதித்தார், ஏதோ உளறினார். எனக்கும் அவருக்கும் நடுவில் அம்மாவின் வேப்பிலைக் கட்டு இருந்தது. அதை எடுக்கவில்லை நான். செத்துடுவாரு, இங்கியே செத்துடுவாருன்னு மனசு அடிச்சிக்குது, கை மட்டும் மடியிலேயே கிடக்குது.

ஏப்ரல் 16

நைனாவை ஆஸ்பத்திரிக் கட்டிலில் வாழையிலை விரித்துப் படுக்க வைத்திருக்கிறார்கள். துணி என்றால் ஒட்டிக்கொண்டு தோலை உரிக்குமாம். காய்ச்சலிலும் குசும்பு போகவில்லை. “இன்னா வினிதா, என்னிய பரிமாறிட்டானுங்க பாரு” என்றார்.

சின்ன வயசு டாக்டரம்மா ஒருவர். தோலை விரலால் லேசாகத் தள்ளிப் பார்த்தார், நோயின் பெயர் சொன்னார்: பெம்பிகஸ். புண்ணில் கிருமி ஏறியிருக்கிறது, ஸ்டீராய்டு ஆரம்பித்திருக்கிறோம், இப்போது எதுவும் உறுதியாகச் சொல்ல முடியாது என்றார்.

வெளியே வந்தவரைத் துரத்திப் போய்க் கேட்டேன், “மேடம், இது ஒட்டுமா?”

“ஒட்டாதும்மா. செல்லும் செல்லும் ஒட்டாம போறதுதான் இந்த வியாதியே. அது உனக்கு எங்கேர்ந்து ஒட்டும்?”

தெரிந்துவிட்டது, எனக்குப் பாடமே தெரியும். திரும்பிப் போய்க் கட்டில் பக்கத்தில் நின்றேன். நைனாவின் கை இலைமேல் இருந்தது. அப்போதும் என் கை போகவில்லை. கைக்கு உயிரியல் தெரியாது போலிருக்கிறது.

தொட பயப்படுறவ டாக்டரா? யாரை ஏமாத்துற வினிதா?

ஏப்ரல் 22

காய்ச்சல் இறங்கவில்லை. இன்னொரு மருந்துக்கு மாற்றியிருக்கிறார்கள். அம்மா இப்போது வேப்பிலையையும் மாத்திரையையும் ஒரே டப்பாவில் வைத்திருக்கிறது.

ஏப்ரல் 25

காய்ச்சல் விட்டது. புதுக் கொப்புளம் இல்லை. அம்மாவுக்கு நம்பிக்கை வந்துவிட்டது. எனக்கு இன்னும் வரவில்லை.

ஏப்ரல் 28

உயிரியல் என்ட்ரன்ஸ் தேர்வு எழுதினேன். செல் சந்திப்பு பற்றி ஒரு கேள்விகூட வரவில்லை. எனக்குச் சிரிப்பு வந்தது, கண்காணிக்க வந்தவர் முறைத்தார்.

மே 19

நைனா வீட்டுக்கு வந்துவிட்டார். மாத்திரை வருஷக்கணக்கில் போட வேண்டும், நாமாக நிறுத்தினால் ஆபத்து என்று டாக்டரம்மா ஆயிரம் தடவை சொல்லி அனுப்பினார். மாதா மாதம் போய் டிரிப்ஸ் ஏற்றிக்கொள்ள வேண்டும். உப்பைக் குறைக்க வேண்டும், காரம் ஆகாது.

நைனாவோடு கடலுக்குப் போகும் போட்டுக்காரர்கள் வந்து தெருவிலேயே நின்று விசாரித்துவிட்டுப் போனார்கள். அம்மா கொடுத்த டீயை யாரும் வாங்கவில்லை. “ஒட்டாது” என்று நான்தான் கத்திக் கத்திச் சொன்னேன். சொன்ன நானே நைனாவிடமிருந்து ரெண்டடி தள்ளித்தான் நின்றேன். அவர் அதைப் பார்த்தார்.

மே 26

நைனா தனக்கென்று ஒரு தட்டு வைத்துக்கொண்டிருக்கிறார். தானே கழுவி, தனியாகக் கவிழ்த்து வைக்கிறார். அப்படி வைக்கும்படி யாரும் சொல்லவில்லை.

ஜூன் 18

என்ட்ரன்ஸ் ரிசல்ட் வந்தது. மெடிக்கலுக்கு எட்டாது. அடுத்த வருஷம் மறுபடி எழுதலாம் என்கிறார் துரை சார். பார்க்கலாம்.

மத்தியானம் நைனா சாப்பிடும்போது அம்மா அடுப்படியில் இருந்தது. எதிர் வாசலில் சொக்கம்மாள் முறத்தோடு உட்கார்ந்திருந்தாள். அவித்த வஞ்சிரம், வெறும் சோறு. கடைசியில் ஒரு வாய் மிச்சமிருந்தது. பழக்கதோஷத்தில் அவர் விரல்கள் அதை உருட்டிவிட்டன. உருட்டிய பிறகுதான் நினைவு வந்திருக்க வேண்டும். உருண்டையைத் தட்டிலேயே வைத்துவிட்டு எழுந்திருக்கப் பார்த்தார்.

அவர் மணிக்கட்டைப் பிடித்தேன். புதுத் தோல், மெல்லிசாக இருந்தது. வழுக்கவில்லை.

“குடு நைனா.”

எதிர் வாசலைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். “ஒட்டிக்கிச்சின்னா?”

“ஒட்டட்டும்” என்று வாயைத் திறந்தேன்.

விரல் உதட்டில் பட்டது. உப்பே இல்லை. மென்று விழுங்கினேன்.