வியாழவட்டமும் ஒரு துரும்பும்

சைகோன்
விபவ வருஷம் மாசி மாதம் 16ஆம் தேதி, புதன்கிழமை

சௌபாக்கியவதி மகள் செங்கமலத்துக்கு அப்பா சேஷாசலம் ஆசீர்வாதம் சொல்லி எழுதிக்கொண்டது. இங்கே நான் மாரியம்மன் புண்ணியத்தில் எழுந்து நடமாடிக்கொண்டிருக்கிறேன். அங்கே நீயும் உன் மாமியாரும் உன் கொழுந்தன் கருப்பையா வீட்டாரும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறீர்கள் என்று எண்ணிக்கொண்டு எழுதுகிறேன். இந்தக் கடிதத்தை வழக்கம்போல மாமியார் பக்கத்தில் உட்கார்ந்து உரக்கப் படித்துவிடாதே அம்மா. கொல்லைப்பக்கம் போய்த் தனியாக இருந்து முதலில் நீ மட்டும் படி. உட்கார்ந்து படி.

இங்கே வெயில் இப்போதே ஆரம்பித்துவிட்டது. இந்த ஊர் அன்னமியர்களின் வருஷப் பிறப்பு முடிந்து பதினைந்து நாளைக்கு மேல் ஆகியும் தெருவெல்லாம் வெடிக் காகிதம் கூட்டாமல் கிடக்கிறது. துறைமுக ஆபீசில் கப்பலிலிருந்து இறங்குகிறவர்கள் பெயரை எழுதும் அதே வேலைதான் எனக்கு. இருமல் போன கார்த்திகைக்கு இப்போது தேவலை, ஆனால் முன்பல் ஒன்று போய்விட்டது, பெரிய துரையிடம் பேசும்போது பிரெஞ்சு வார்த்தை பாதி காற்றாகப் போகிறது. இங்கே துணிக்கடை வைத்திருக்கும் நம் காரைக்கால் நத்தர்ஷா உனக்கு எப்போதும்போல விசாரிப்பு சொல்லச் சொன்னார். உன் கண் வலிக்கு நந்தியாவட்டைப் பூவை ஒற்றிக்கொள், அந்த டாக்டரின் சொட்டு மருந்து வேண்டாம். இதையெல்லாம் எழுதிக்கொண்டே போகலாம் போலிருக்கிறது. அப்பா சுற்றி வளைக்கிறார் என்று உனக்கு இந்நேரம் தெரிந்திருக்கும். உன் அம்மா இருந்தால், முதலில் விஷயத்தைக் கக்குங்கள் என்று சொல்லியிருப்பாள்.

உன் கொழுந்தன் கருப்பையாவின் கடிதம் போன வாரக் கப்பலில் வந்தது. உன்னைப் பற்றி எழுதும்போதெல்லாம் சௌபாக்கியவதி அண்ணி என்று எழுதுகிற பிள்ளை, இந்தத் தடவை வெறுமனே செங்கமலம் அண்ணி என்று எழுதியிருந்தான். அதைப் பார்த்ததுமே மேலே என்ன வரும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது. அண்ணன் அரிகிருஷ்ணன் காணாமல் போய், வருகிற பங்குனியோடு வியாழவட்டம் முடிகிறது, பங்குனி அமாவாசையன்று தர்ப்பையில் பாவை செய்து வைத்துக் கொள்ளி போட்டுக் காரியம் செய்வதாக ஊர்ப் பெரியவர்கள் முடிவு பண்ணிவிட்டார்கள், அண்ணி கழுத்துத் தாலியும் அன்றைக்கே இறங்கிவிடும், அம்மா கண் மூடுவதற்குள் பிள்ளையைக் கரையேற்றிவிட வேண்டும் என்று அழுகிறாள் என்றெல்லாம் எழுதிவிட்டு, அவர் கடைசியாக இருந்த இடம் சைகோன் ஆனதால், இந்த வியாழவட்டத்தில் அவரைக் கண்டதும் இல்லை, அவரைப் பற்றிக் கேட்டதும் இல்லை என்று மாமா கைப்பட எழுதி ஒப்பம் வைத்து அனுப்ப வேண்டும், அது வராமல் பெரியவர்கள் தர்ப்பையைத் தொட மாட்டார்கள் என்று முடித்திருந்தான்.

வியாழவட்டம் என்ற சொல்லை உனக்கு முதலில் எழுதியவனே நான்தான். நினைவிருக்கிறதா? உனக்கு அப்போது பதினெட்டு வயது, அது என்ன அப்பா என்று கேட்டு எழுதியிருந்தாய். வியாழன் ஒரு ராசிக்கு ஒரு வருஷமாகப் பன்னிரண்டு ராசியையும் சுற்றிப் புறப்பட்ட வீட்டுக்கே வந்து சேரும் காலம் என்று பஞ்சாங்கக்காரனைப்போல விளக்கம் எழுதினேன். அவன் காணாமல் போன நள வருஷப் பங்குனியில் வியாழன் மேஷத்தில் இருந்தது, இப்போது திரும்ப மேஷத்துக்கு வந்துவிட்டது, அது வரைக்கும் கணக்கு சரிதான். அதே பன்னிரண்டு வருஷத்தைத் தீர்த்தமாடப் போகிறவர்கள் மாமாங்கம் என்று சந்தோஷமாகச் சொல்வார்கள். வியாழவட்டம் என்ற சொல்லை நம் சனங்கள் கல்யாண வீட்டில் வாயில் எடுக்க மாட்டார்கள். காணாமல் போனவனுக்கு மட்டுமே அந்தச் சொல். அவன் வீட்டார் பன்னிரண்டு வருஷம் காத்திருக்க வேண்டும், அது முடிந்தால் அவன் செத்தவன், அவன் பெண்டாட்டி அறுத்தவள், பிறகு அவள் மறுதாலி கட்டிக்கொண்டாலும் கேட்பாரில்லை. இவ்வளவும் உனக்கு எழுதினேன். ஒன்றை மட்டும் எழுதாமல் விட்டேன். வியாழவட்டத்தை ஆள் போன நாளிலிருந்து எண்ணுவதில்லை அம்மா. கடைசியாகச் சேதி வந்த நாளிலிருந்து எண்ணுவது. நடுவில் எப்போதாவது, அவனை இன்ன ஊரில் பார்த்தேன் என்று ஒருவன் வந்து சொன்னால் அதுவரை எண்ணியது அத்தனையும் அழிந்து, அன்றைக்கு முதல் திரும்ப ஒன்றிலிருந்து எண்ண வேண்டும். சேதி கேட்டவன் வாயைத் திறந்தால்தான் அந்தக் கணக்குக்கு உயிர்.

நான் வாயைத் திறக்கவில்லை. அரிகிருஷ்ணன் உயிரோடு இருக்கிறான்.

சைகோனிலிருந்து ரயிலில் போனால் ஒரு காலைப் பொழுதில் போய்விடலாம், மீதோ என்று ஆற்றங்கரை ஊர். அங்கே படகுத்துறையில் சுங்கம் வாங்குகிறான். படகு கவிழ்ந்ததில் அவனும் போயிருப்பான் என்று அன்றைக்குச் சொன்னார்களே, அந்தப் படகில் அவன் ஏறவே இல்லை. துந்துபி வருஷம் ஐப்பசியில் நத்தர்ஷா சரக்கு விற்கப் போன இடத்தில் அவனைக் கண்டு வந்து என்னிடம் சொன்னார். மறுநாளே ஓடினேன். ஓர் அன்னமியப் பெண்ணோடு குடும்பமாக இருந்தான், இடுப்பில் ஒரு பெண் குழந்தை. என்னைக் கண்டதும் காலில் விழுந்து, மாமா, நான் செத்துட்டேன்னு எழுதிப் போட்டுடுங்க என்று அழுதான். திரும்பி வரும் வழியெல்லாம் என்ன எழுதுவது என்றே யோசித்தேன். செத்தான் என்று எழுதக் கை வரவில்லை. இருக்கிறான் என்று எழுத மானம் இடம் கொடுக்கவில்லை. உன் அம்மா வேண்டாம் வேண்டாம் என்று தடுத்தும் கேட்காமல் இந்த மாப்பிள்ளையைப் பார்த்தவன் நான், இங்கே வேலை வாங்கித் தருகிறேன் என்று கப்பல் ஏற்றியவனும் நான். ஊரில் என் தலை குனியும் என்று பார்த்தேனே தவிர உன் தலை என்னாகும் என்று பார்க்கவில்லை. சேதி ஒன்றும் இல்லை என்று உனக்கு எழுதினேன். நத்தர்ஷா கையைப் பிடித்துக்கொண்டு அவரையும் வாயைக் கட்டிக்கொள்ளச் சொன்னேன். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது என்பார்கள், நான் ஆறு வருஷத்துக்கு மேலாக மறைத்தேன்.

அதற்கு அடுத்த வருஷம்தான் திருமலைராயன்பட்டினத்து வாத்தியாருக்கு உன்னைக் கேட்டு வந்தார்கள். பெண்டாட்டி இறந்த மனுஷன், தங்கமானவன் என்று உன் மாமியாரே எனக்கு எழுதச் சொல்லியிருந்தாள், பாவம், அந்த அம்மாள் மனம் பெரியது. நீயும் அந்தக் கடிதத்தின் அடியில், அப்பா உங்கள் இஷ்டம் என்று நாலு வார்த்தை எழுதியிருந்தாய். எத்தனை நாள் யோசித்து அதை எழுதினாயோ. அரிகிருஷ்ணன் இருக்கிறான், அவனிடம் தீர்த்துக்கொண்டு வருகிறேன் என்று அன்றைக்கு நான் எழுதியிருந்தால் போதும். எழுதவில்லை. வியாழவட்டம் முடியட்டும், அவசரப்பட வேண்டாம், சாஸ்திரம் என்று ஒன்று இருக்கிறது என்று பெரிய மனுஷனாகப் பதில் போட்டேன். எனக்கு அந்தச் சொல் ஒளிந்துகொள்ள நல்ல சுவராக இருந்தது. அந்த வாத்தியாருக்கு இப்போது மூன்று பிள்ளைகள் என்று போன வருஷம் நீயே எழுதினாய். அதில் குத்தல் எதுவும் இல்லை, ஊர்ச் சேதியாகத்தான் எழுதியிருந்தாய். அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை.

கருப்பையா கேட்ட ஒப்பத்தைப் போட்டுவிடலாம் என்றுதான் முதலில் நினைத்தேன், மறைக்காமல் சொல்கிறேன். காகிதமும் எடுத்து எழுதிவிட்டேன். போட்டுவிட்டால் எல்லாம் ஒழிந்தது, மாமியார் மனம் ஆறும், உனக்கும் ஒரு முடிவு என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். சாட்சிக்கு நத்தர்ஷாவும் ஒப்பம் வைத்தால் நல்லது என்று கடைக்கு எடுத்துப் போனேன். அவர் படித்துப் பார்த்துவிட்டுத் துணியை மடித்துக்கொண்டே இருந்தார். அப்புறம், அண்ணே, உசுரோட இருக்கறவனுக்குக் கொள்ளி வைக்கிறது ஒரு பக்கம் கெடக்கட்டும், புருசன் இருக்கற புள்ளய உக்கார வச்சுத் தாலிய அறுக்கப் போறாங்களே, அதுக்குப் பெத்த அப்பன் கையெழுத்தா என்று கேட்டார். கடையில் வேறு ஆட்களும் நின்றார்கள், எனக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை. அவர் சொன்ன பிறகுதான் அந்தக் காட்சி என் கண்ணில் வந்தது. உன்னைக் குளத்தங்கரையில் உட்கார வைத்துப் பூவைப் பிய்த்துப் பொட்டை அழித்து வளையை உடைப்பார்கள், அந்த நேரத்தில் அவன் இங்கே படகுக்காரனிடம் சில்லறைக்குச் சண்டை போட்டுக்கொண்டிருப்பான். காகிதத்தை அங்கேயே கிழித்தேன்.

முந்தாநாளைக்கு முந்தின நாள், ஞாயிற்றுக்கிழமை, நத்தர்ஷாவையும் இங்குள்ள மாரியம்மன் கோவில் பண்டாரத்தையும் கூட்டிக்கொண்டு மீதோ போனேன். இப்போது அவனுக்கு இரண்டு பெண் குழந்தைகள். கன்னம் ஒட்டி, வெற்றிலை போட்டுப் பல் கறுத்து, முதலில் எனக்கே அடையாளம் தெரியவில்லை. ஊரில் நடக்க இருப்பதைச் சொன்னேன். தன் காரியத்தைப் பற்றி அவன் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அவ இன்னுமா மாமா பொட்டு வச்சுக்கிட்டு இருக்கா என்றுதான் கேட்டான். செருப்பை எடுக்கக் கை போனது, நல்லவேளை வாசலில் கழற்றி வைத்திருந்தேன். அழுது தீர்த்தது நான்தான், கிழவன். நம் சனத்து வழக்கப்படி துரும்பு முறித்து உறவைத் தீர்த்துவிடு, அவளை உயிரோடு விடு என்று அவனிடம் கையேந்திக் கேட்டேன் அம்மா. பெண் கொடுத்த இடத்தில் கையேந்துவது எனக்குப் புதிதில்லை, ஆனால் இதற்காக ஏந்துவேன் என்று நினைக்கவில்லை. அவன் அந்த அன்னமியப் பெண்ணிடம் அவர்கள் பாஷையில் ஏதோ சொன்னான். அவள் வாசலில் இருந்த வைக்கோல் போரிலிருந்து நல்லதாக ஒரு துரும்பு பார்த்து உருவிக்கொண்டு வந்து, எதற்கென்று தெரியாமல், இரண்டு கையாலும் மரியாதையாக நீட்டினாள். எங்களுக்குத் தேநீர் கொடுத்தவளும் அவள்தான். அவள்மேல் எனக்குக் கோபம் வரவில்லை. இரண்டு சாட்சி பார்க்க, செங்கமலத்துக்கும் எனக்கும் இன்னியோட தீந்துபோச்சு என்று சொல்லி அவன் அதை இரண்டாக முறித்தான். ஒரு பாதியை அவன் வைத்துக்கொண்டான். மற்றப் பாதி உன்னுடையது.

இத்தோடு ஊர்ப் பெரியவர்களுக்குத் தனியாக ஒரு காகிதம் வைத்திருக்கிறேன். துந்துபி வருஷத்தில் கேட்டது, மறைத்தது, இப்போது முறித்தது எல்லாம் அதில் இருக்கிறது, சாட்சிகளோடு என்னையும் சேர்த்து மூன்று பேர் ஒப்பமும் இருக்கிறது. வியாழவட்டம் ஓடவே இல்லை, செத்தவன் யாரும் இல்லை, அதனால் அறுப்பதற்கும் ஒன்றும் இல்லை என்று எழுதியிருக்கிறேன். என்னைப் பற்றி அவர்கள் என்ன பேசினாலும் நீ எனக்காக வாதாடாதே. உன் மாமியாரிடம் நீயே சொல், பக்கத்தில் உட்கார்ந்து மெதுவாகச் சொல். மகன் இருக்கிறான் என்று சந்தோஷப்படுவாளா, இப்படி இருக்கிறான் என்று துக்கப்படுவாளா, எனக்குத் தெரியவில்லை, இரண்டுக்கும் அவளுக்கு உரிமை உண்டு. தாலியை யாரும் அறுக்க விடாதே. நீயாக, உனக்குத் தோன்றுகிற அன்றைக்கு, கழற்றி வை. பொட்டும் பூவும் அவன் கொடுத்ததில்லை, பிறந்த வீட்டிலிருந்து நீ கொண்டுபோனது. உனக்கு இருபத்தொன்பது வயது ஆகிறது என்பதை விரல்விட்டு எண்ணிப் பார்த்தேன், பத்தொன்பதாக எனக்கு ஆக்கித் தரத் தெரியாது. கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் என்று நீ நினைத்தால் அது நியாயம். மன்னிக்கச் சொல்லி எழுதக் கூசுகிறது, எழுதாமலும் இருக்க முடியவில்லை. பதில் போடாவிட்டாலும் கோபித்துக்கொள்ள மாட்டேன். ஆனால் ஒவ்வொரு கப்பல் வரும்போதும் தபால் பையைப் பார்த்துக்கொண்டு நிற்பேன், அதை மட்டும் தெரிந்துகொள்.

மழைக்கு முன் சமையல்கட்டுக் கூரையை மாற்றச் சொல். இரவில் கண்ணைக் கெடுத்துக்கொண்டு தைக்காதே. மாரியம்மன் உனக்குத் துணை இருக்க வேண்டும், என் ஆயுசில் மிச்சம் இருப்பதும் உனக்கே சேர வேண்டும். காரியத்துக்கென்று தர்ப்பை வாங்கி வைத்திருந்தால் மாட்டுக்குப் போட்டுவிடு. இந்த உறையைத் தூக்கிப் போட்டுவிடாமல் மடியில் வைத்து மெதுவாகக் கவிழ்த்துப் பார். உன் பாதித் துரும்பு அடியில் இருக்கிறது, காற்றில் போய்விடப் போகிறது.

இப்படிக்கு,
உன் பன்னிரண்டு வருஷத்தில் பாதியைத் தின்றவன்,
உன் அப்பா
சேஷாசலம்